பனிக்கு வெளியே – 9: அடுத்தவர் அறுவடை

1970 மே 22 அன்று மான்ட்ரியல் நகரத்து ஐஸ் ஹாக்கி அணியான கனேடியன்ஸ் ஒரு வியாபாரம் செய்தது. பார்த்தால் உப்புச் சப்பில்லாத வியாபாரம். எர்னி ஹிக் என்ற இளைஞரையும், அந்த ஆண்டு டிராஃப்ட்டில் தன்னிடமிருந்த முதல் சுற்று வாய்ப்பு ஒன்றையும் கலிஃபோர்னியாவின் ஓக்லாந்து சீல்ஸ் அணிக்குக் கொடுத்தது. பதிலுக்கு பிரான்சுவா லக்கோம்ப் என்ற தடுப்பாட்டக்காரரை வாங்கிக்கொண்டது. கூடவே ஒரு கொசுறு: அடுத்த ஆண்டு, 1971-ல், சீல்ஸ் அணிக்கு வரவேண்டிய முதல் சுற்று வாய்ப்பு.

அந்தக் கொசுறுக்காகத்தான் மொத்த வியாபாரமும்.

சென்ற வாரம் பனித்தரையைச் சீவிச் சமன்செய்யும் வண்டிக்காரரைப் பார்த்தோம். அவர் வேலையாவது ஆயிரக்கணக்கான பேர் கண்முன்னால் நடக்கிறது. இந்த வாரத்து ஆள் பெரும்பாலும் தொலைபேசியும் கையுமாக ஓர் அறைக்குள் உட்கார்ந்திருப்பவர். ஜெனரல் மேனேஜர். சுருக்கமாக ஜி.எம். யாரை வாங்குவது, யாரை விற்பது, யாருக்கு எவ்வளவு சம்பளம், பயிற்சியாளர் யார், அவரை எப்போது வீட்டுக்கு அனுப்புவது, எல்லாம் இவர் கையில். ஐ.பி.எல். ஏலத்தில் மேஜையைச் சுற்றி உட்கார்ந்து கூடிக்கூடிப் பேசி அட்டையைத் தூக்குகிறவர்களைப் பார்த்திருப்பீர்கள். அந்த வேலையை வருஷம் முழுக்கச் செய்கிற ஒருவரை நினைத்துக்கொள்ளுங்கள்.

டிராஃப்ட் என்றால் என்ன என்று ஒரு வார்த்தை. ஒவ்வோர் ஆண்டும் பதின்ம வயதுப் புதுமுகங்களை அணிகள் பங்கிட்டுக்கொள்ளும் நாள் அது. சீசனில் கடைசியாக வந்த அணிக்கே முதல் உரிமை என்பது அன்றைய பொதுவிதி. பந்தியில் கடைசி வரிசைக்காரருக்கு முதலில் இலை போடுகிற ஏற்பாடு. இதில் விசேஷம், அந்த உரிமையை அது கைக்கு வருவதற்கு முன்பே விற்கலாம், வாங்கலாம். நாற்று நடும் முன்பே விளைச்சலுக்கு விலை பேசுவது போல. சீல்ஸ் அணி 1971-ல் எந்த இடத்தில் முடிக்கும், அந்த இடத்தில் எந்தப் பையன் கிடைப்பான் என்பதெல்லாம் 1970 மே மாதத்தில் யாருக்கும் தெரியாது. மான்ட்ரியலின் ஜி.எம். சாம் பொல்லாக்குக்கு ஓர் ஊகம் இருந்தது.

பொல்லாக்கைச் சொல்லும் முன் அவருடைய குருநாதரைச் சொல்லியாக வேண்டும். ஃபிராங்க் செல்கி. தொழிலால் எலக்ட்ரீஷியன், தொழிற்சங்க ஆள். 1931-ல் டொராண்டோவில் மேப்பிள் லீஃப் கார்டன்ஸ் அரங்கம் எழும்பியபோது உலகமே பொருளாதார மந்தத்தில் கிடந்தது; கட்டி முடிக்கப் பணம் போதவில்லை. கூலியில் ஒரு பகுதியை அரங்கத்தின் பங்குகளாக வாங்கிக்கொள்ளுங்கள் என்று தொழிலாளர்களைச் சம்மதிக்க வைத்தவர் இந்த செல்கி. டொராண்டோ மேப்பிள் லீஃப்ஸ் அணியின் முதலாளி கான் ஸ்மைத்துக்கு வலது கையாக இருந்தார்.

இரண்டாம் உலகப் போரில் ஸ்மைத் ராணுவத்தில் இருந்தபோது, 1943-ல், மான்ட்ரியலிடமிருந்து டெட் கென்னடி என்ற பதினேழு வயதுப் பையனின் உரிமையை செல்கி வாங்கினார். பதிலுக்குக் கொடுத்தது ஸ்மைத்துக்குப் பிடித்த ஃபிராங்க் எடால்ஸை. விஷயம் தெரிந்ததும் என்னைக் கேட்காமல் செய்தாயா என்று ஸ்மைத் குதித்தார். அந்தக் கென்னடிதான் பின்னாளில் அணியோடு லீக் சாம்பியனுக்குரிய ஸ்டான்லி கோப்பையை ஐந்து முறை வென்றவர், டொராண்டோவின் அணித்தலைவராகவும் இருந்தவர். கோப்பைகள் வந்தன, கசப்பு போகவில்லை. 1946-ல் செல்கி வேலையை விட்டு மான்ட்ரியலுக்கு ஜி.எம். ஆகப் போனார். சரியாகச் செய்த காரியத்துக்கு உதை வாங்குவது இந்த உத்தியோகத்தின் பூர்வீகச் சொத்து போலிருக்கிறது.

மான்ட்ரியலில் செல்கி முதலில் செய்தது நாற்றங்கால் போட்டது. அப்போது டிராஃப்ட் கிடையாது. ஊர் ஊராக இளையோர் அணிகளுக்குப் பணம் கொடுத்து, நல்ல பையன்களைச் சிறு வயதிலேயே கையெழுத்து வாங்கிப் பிடித்துப்போட்டால் அவர்கள் நம்மவர்கள். கனடாவின் ஒரு கோடியிலிருந்து மறுகோடி வரை செல்கி இப்படி வளைத்தார். அதற்கும் மசியாத ஒருவர் இருந்தார்: கியூபெக் நகரில் சம்பளம் வாங்கும் 'அமெச்சூர்' ஆக சௌகரியமாக ஆடிக்கொண்டிருந்த ழான் பெலிவோ. தொழில்முறைக்கு வந்தால் மான்ட்ரியலுக்குத்தான் என்பது ஒப்பந்தம். ஆனால் தொழில்முறைக்கு வந்தால்தானே? கடைசியில் கனேடியன்ஸ் தரப்பு அவர் ஆடிய லீகையே வாங்கி, அதைத் தொழில்முறை லீகாக மாற்றிவிட்டது. மாட்டைப் பிடிக்கத் தொழுவத்தையே வாங்கிய கதை. 1953-ல் பெலிவோ கையெழுத்திட்டார். அரங்கத்தின் பணப்பெட்டியைத் திறந்து வேண்டியதை எடுத்துக்கொள் என்றேன், அவ்வளவுதான் என்று செல்கி நிருபர்களிடம் சிரித்தாராம். 1956 முதல் 1960 வரை தொடர்ந்து ஐந்து கோப்பைகள். அந்தச் சாதனை இன்னும் அப்படியே நிற்கிறது.

1964-ல் செல்கிக்கு வயது எழுபதைத் தாண்டியிருந்தது. நாற்காலி, அவர் நாற்றங்காலைப் பார்த்துக்கொண்டிருந்த சாம் பொல்லாக்குக்கு வந்தது. வயது 38. குள்ளம், கனத்த உடம்பு. இந்த அணிகளெல்லாம் ஆடும் தேசிய ஹாக்கி லீகான என்.எச்.எல்.-ல் ஓர் ஆட்டம்கூட ஆடியதில்லை. விமானம் என்றால் பயம். முடிந்தவரை எங்கே போனாலும் காரில்தான். ஆட்டம் நெருக்கடியாகும்போது கைக்குட்டையைக் கடித்துக் குதறுவார். இவரைப் பார்த்து யாரும் பயந்திருக்க மாட்டார்கள். அதுவே அவருக்குப் பெரிய வசதி என்று நினைக்கிறேன்.

1967-ல் லீக் ஒரே மூச்சில் ஆறு அணிகளிலிருந்து பன்னிரண்டாகப் பெருகியது. புது அணிகள் ஒவ்வொன்றும் 20 லட்சம் டாலர் கட்டி உள்ளே வந்தன. வந்தபின் பார்த்தால் ஆள் இல்லை. ஹாக்கி தெரியாத ஊர்களில் டிக்கெட் விற்க வேண்டும், இன்றைக்கே ஜெயிக்க வேண்டும், சுவரொட்டியில் போடப் பெயர் வேண்டும். பொல்லாக்கிடமோ செல்கி வளர்த்த பண்ணையில் ஆள் மிச்சம். முதல் அணியில் இடமில்லாதவர்கள், முப்பதைத் தாண்டிய பெயர் பெற்றவர்கள். அவர்களை ஒவ்வொருவராகக் கொடுத்து, பதிலுக்கு எதிர்கால டிராஃப்ட் வாய்ப்புகளை வாங்க ஆரம்பித்தார். எதிராளிக்குப் பசி, அவருக்கு அவசரமில்லை. பசித்தவன் விதைநெல்லைக் குத்தித் தின்பான் என்று அவருக்குத் தெரியும். சீல்ஸ் வியாபாரம் அதில் ஒன்று.

ஒரு வேடிக்கை. ஹிக்குக்காக அந்த விதைநெல்லை அள்ளிக் கொடுத்த சீல்ஸ் அணியின் ஜி.எம். யார் தெரியுமா? ஃபிராங்க் செல்கி ஜூனியர். நம் செல்கியின் மகன்.

1971 டிராஃப்ட்டில் வரப்போகும் பையன்களில் இருவர் மேல் எல்லோர் கண்ணும் இருந்தது: கீ லஃப்லூர், மார்செல் டியோன். இருவரும் கியூபெக் மாநிலத்துப் பையன்கள். லஃப்லூர் அந்த சீசனில் கியூபெக் ரெம்பார்ஸ் என்ற ஜூனியர் அணிக்கு அடித்தது 130 கோல். மான்ட்ரியலுக்கு முன்பெல்லாம் ஒரு சலுகை உண்டு; டிராஃப்ட் தொடங்கும் முன்பே இரண்டு பிரெஞ்சு கனேடியப் பையன்களை எடுத்துக்கொள்ளலாம். 1969-ல் ரேஜான் ஊல், மார்க் தார்டிஃப் இருவரும் அப்படி வந்தவர்கள்தான். (ஊல் பெயரை மறக்காதீர்கள், திரும்ப வருவார்.) அத்தோடு அந்தச் சலுகை முடிந்தது. இனி லஃப்லூர் வேண்டுமானால் சீல்ஸ் அணி கடைசியாக வர வேண்டும்.

வந்தது. அதன் புது முதலாளி சார்லி ஃபின்லி ஒரு கோமாளி மேதை. ஆட்டக்காரர்களின் ஸ்கேட் காலணிகளை முதலில் பச்சையும் தங்கமுமாக, பிறகு வெள்ளையாக மாற்றினார். வெள்ளை அழுக்காகும்போதெல்லாம் மேலே மேலே பெயிண்ட் அடித்ததில் காலணி கனத்துப் போனதாம். இந்த லட்சணத்தில் அணி கடைசி இடத்துக்குச் சிரமப்பட வேண்டியிருக்கவில்லை.

ஆனால் ஹாக்கி ரசிகர்கள் விரும்பிச் சொல்லும் கதை வேறு. லாஸ் ஏஞ்சலஸ் கிங்ஸ் அணி சீல்ஸைவிடக் கீழே போய்விடுமோ என்று பயந்த பொல்லாக், 1971 ஜனவரியில் ரால்ஃப் பேக்ஸ்ட்ராம் என்ற அனுபவசாலியை கிங்ஸுக்குக் கிட்டத்தட்ட தானமாகக் கொடுத்து, அந்த அணியைத் தூக்கிவிட்டார் என்பது கதை. சாணக்கியத்தனம் என்று இன்றைக்கும் புகழ்கிறார்கள். நான் கணக்கைப் பார்த்தேன். அந்த சீசனில் சீல்ஸ் எடுத்தது 45 புள்ளி. அதற்கு மேலே டெட்ராய்ட் 55. கிங்ஸ் 63. ஒரு வெற்றிக்கு இரண்டு புள்ளி. பதினெட்டுப் புள்ளி வித்தியாசத்தை ஒரே ஆள் பாதி சீசனில் உண்டாக்கினார் என்று நம்புவது கஷ்டம். பேக்ஸ்ட்ராமே மான்ட்ரியலை விட்டுப் போக வேண்டும் என்று கேட்டுக்கொண்டிருந்தவர். புத்திசாலி ஒருவர் கிடைத்துவிட்டால் மழை பெய்ததற்கும் அவரே காரணம் என்று சொல்வது ஊர் வழக்கம்.

ஜூன் 10 அன்று லஃப்லூர் பொல்லாக்கின் கைக்கு வந்தார். டியோன் டெட்ராய்ட்டுக்குப் போனார். அதற்குப் பிறகு நடந்ததைப் பலரும் தாண்டிப் போய்விடுகிறார்கள். டியோன் முதல் நாளிலிருந்தே கோலும் புள்ளியுமாகக் (அடித்த கோல், கோலுக்கு உதவிய பாஸ் ஒவ்வொன்றுக்கும் ஆட்டக்காரருக்கு ஒரு புள்ளி) குவிக்க, லஃப்லூரோ மூன்று சீசன்களில் 29, 28, 21 கோல் என்று இறங்குமுகம். தப்பான பையனை எடுத்துவிட்டாரா என்று மான்ட்ரியலில் முணுமுணுத்தார்கள். பொல்லாக் விற்கவில்லை. நான்காவது சீசனில் லஃப்லூர் தலைக்கவசத்தைக் கழற்றி வைத்துவிட்டு, முடி பறக்க, 53 கோல் அடித்தார். அதிலிருந்து ஆறு சீசன்கள் தொடர்ந்து ஐம்பதுக்குக் குறையவில்லை. 1976-77-ல் கனேடியன்ஸ் ஆடிய 80 ஆட்டங்களில் தோற்றது எட்டே எட்டு.

கோல் காப்பாளர் கென் டிரைடன் வந்த வழியும் இப்படித்தான். 1964-ல் பாஸ்டன் அவரை டிராஃப்ட்டில் எடுத்திருந்தது. சில நாட்களிலேயே பொல்லாக் இரண்டு பையன்களைக் கொடுத்து அவர் உரிமையை வாங்கிவிட்டார். கொடுத்த இருவரும் என்.எச்.எல். லீகில் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. டிரைடன் கார்னெல் பல்கலைக்கழகத்துக்குப் படிக்கப் போய்விட்டார். ஏழு ஆண்டுகள் பொல்லாக் காத்திருந்தார். 1971 மார்ச்சில் வந்து ஆறு ஆட்டம் ஆடியவரை நேராக கோப்பைச் சுற்றில் இறக்கினார்கள். முதல் எதிரி, அந்த சீசனில் எல்லோரையும் துவைத்துக் காயப்போட்டிருந்த பாஸ்டன். ஏழாவது ஆட்டத்தில் பாஸ்டன் வெளியேறியது. தன்னை முதலில் எடுத்தது பாஸ்டன்தான் என்பது டிரைடனுக்கே பல ஆண்டுகள் தெரியாது.

பொல்லாக்கைக் கடவுளாக்க வேண்டாம். கஞ்சன். 1973-ல் இதே டிரைடன் கூடுதல் சம்பளம் கேட்டபோது இறங்கி வரவில்லை. டிரைடன் சட்டம் படித்தவர். சரி, நான் வக்கீல் வேலை பழகப் போகிறேன் என்று டொராண்டோவில் ஒரு சட்ட அலுவலகத்தில் போய் உட்கார்ந்துவிட்டார். ஒரு முழு சீசன். அந்த ஆண்டு மான்ட்ரியல் கோப்பைச் சுற்றின் முதல் கட்டத்திலேயே தோற்றது. அடுத்த ஆண்டு டிரைடன் கேட்டது கிடைத்தது.

பதினான்கு ஆண்டுகளில் ஒன்பது கோப்பைகள். 1978-ல் அணி கைமாறி மறுபடி மோல்சன் குடும்பத்துக் கம்பெனிக்குப் போனபோது பொல்லாக் விலகினார். அந்த நாற்காலி தனக்கு என்று நினைத்திருந்தவர் பயிற்சியாளர் ஸ்காட்டி போமன். அது போனது இர்விங் கிரண்ட்மன் கைக்கு. பவுலிங் விளையாட்டு விடுதிகள் நடத்தி, அந்தத் தொழிலிலிருந்து அரங்க நிர்வாகத்துக்கு வந்தவர். போமன் இன்னும் ஒரு கோப்பையை வென்று கொடுத்துவிட்டு 1979-ல் பஃபலோவுக்குப் போய்விட்டார். அந்த 1979 கோப்பை கணக்குப்படி கிரண்ட்மனுடையது. ஆடியவர்கள் எல்லாம் பொல்லாக் சேர்த்தவர்கள்.

பொல்லாக் போகும்போது மண்ணில் இன்னொரு விதையும் கிடந்தது. 1976-ல் கொலராடோ ராக்கீஸ் என்ற நோஞ்சான் அணியோடு ஒரு மாற்று பேசியிருந்தார்: 1980-ல் உங்கள் முதல் சுற்று வாய்ப்பு எனக்கு, என்னுடையது உங்களுக்கு. நான்கு ஆண்டு தவணை. 1979-80-ல் கொலராடோ தரைதட்டியது. ஆக, சாம்பியன்களாக இருந்து ஓய்ந்த மான்ட்ரியலுக்கு ஒட்டுமொத்த டிராஃப்ட்டின் முதல் உரிமை வந்து சேர்ந்தது. எடுக்க வேண்டியவர் கிரண்ட்மன்.

1980 ஜூன் 11. டிராஃப்ட் முதன்முறையாகப் பொதுமக்கள் முன்னிலையில், அதுவும் மான்ட்ரியல் ஃபோரம் அரங்கிலேயே நடந்தது. கூட்டத்துக்கு ஒரு செல்லப்பிள்ளை இருந்தான்: வெர்டன் பேட்டையில் வளர்ந்து மான்ட்ரியல் ஜூனியர்ஸ் அணியில் ஆடிய டெனி சவார். அவனும் அவன் வரிசையில் ஆடிய இன்னும் இரண்டு டெனிகளும் ஒரே நாளில், 1961 பிப்ரவரி 4 அன்று, பிறந்தவர்கள். 'மூன்று டெனிகள்' என்றே பெயர். கிரண்ட்மன் எடுத்தது ரெஜைனாவிலிருந்து வந்த டக் விக்கன்ஹைசரை. உயரமானவர், அந்த சீசனில் 89 கோல் அடித்தவர். தேர்வாளர்கள் பெரும்பாலோர் சொன்ன பெயரும் அதுதான். சவார் மூன்றாவதாக சிகாகோவுக்குப் போய் அங்கே நட்சத்திரமானார். என்.எச்.எல். லீகில் அவர் மொத்தக் கணக்கு 1,338 புள்ளிகள்.

இந்தத் தேர்வைத்தான் கிரண்ட்மன் கழுத்தில் கட்டித் தொங்கவிட்டிருக்கிறார்கள். எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. விக்கன்ஹைசர் மூன்றாவது சீசனில் 25 கோல் அடித்து 55 புள்ளிகள் எடுத்தார். லஃப்லூரின் மூன்றாவது சீசன் 21 கோல், 56 புள்ளி. கிட்டத்தட்ட அதே கணக்கு. லஃப்லூருக்கு நான்காவது சீசன் மான்ட்ரியலில் முழுசாகக் கிடைத்தது. விக்கன்ஹைசருக்கு அது நடுவிலேயே முடிந்தது. 1983 டிசம்பரில் செயின்ட் லூயிஸுக்கு அனுப்பிவிட்டார்கள். அவர் இன்னொரு லஃப்லூர் ஆகியிருப்பார் என்று சொல்லவில்லை, ஆகியிருக்க மாட்டார். ஆனால் சிகாகோவில் டெனி சவார் கோல் அடிக்க அடிக்க இங்கே ஓர் இளைஞனைக் கேலி செய்தார்கள். 1999-ல் புற்றுநோயில் இறந்தபோது அவருக்கு வயது 37.

அனுப்பியவர் கிரண்ட்மனுக்கு அடுத்து வந்த செர்ஜ் சவார். (டெனிக்கு உறவில்லை. 2000-ல் ஆந்த்ரே சவார் என்று இன்னொருவரும் ஜி.எம். ஆனார். கியூபெக்கில் சவார் என்றால் நம் ஊரில் முருகன் மாதிரி.) செர்ஜ், பொல்லாக் காலத்துத் தடுப்பாட்டக்காரர். 1984 டிராஃப்ட்டில் 51-வது ஆளாக பத்ரிக் ருவா என்ற ஒல்லியான கோல் காப்பாளரை எடுத்தார். 1986, 1993 இரண்டு கோப்பைகளும் ருவாவின் கையால் வந்தவை. 1995 அக்டோபரில் சீசன் தொடங்கியதும் வரிசையாகத் தோற்க, நிர்வாகத் தலைவர் ரொனால்ட் கோரி சவாரையும் பயிற்சியாளரையும் ஒரே நாளில் நீக்கினார். புது ஜி.எம்., மறக்க வேண்டாம் என்று சொன்னேனே, ரேஜான் ஊல். ஆட்டத்தை விட்டபின் மோல்சன் மதுபானக் கம்பெனியில் மக்கள் தொடர்பு பார்த்துக்கொண்டிருந்த நல்ல மனிதர்.

நல்ல மனிதருக்கு ஒன்றரை மாதம்தான் அவகாசம் கிடைத்தது. டிசம்பர் 2 அன்று டெட்ராய்ட்டிடம் 11-1. ஒன்பது கோல் வாங்கும் வரை ருவாவை வெளியே எடுக்காமல் பயிற்சியாளர் மரியோ ட்ராம்ப்ளே பார்த்துக்கொண்டு நின்றார். இருவருக்கும் ஏற்கெனவே ஆகாது. கடைசியில் வெளியே வந்த ருவா, பயிற்சியாளரைக் கடந்து போய், பெஞ்சுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த தலைவர் கோரியிடம் குனிந்து, மான்ட்ரியலில் இது என் கடைசி ஆட்டம் என்றார். நான்காவது நாள் ஊல் அவரையும் அணித்தலைவர் மைக் கீனையும் கொலராடோ அவலாஞ்சுக்குக் கொடுத்து மூவரை வாங்கினார். விற்கிறவன் அவசரம் வாங்குகிறவனுக்குத் தெரிந்துவிட்டால் என்ன விலை கிடைக்கும்? அங்கே வாங்கியவரோ பியர் லக்ருவா, ஜி.எம். ஆகும் முன் ருவாவின் ஏஜென்டாகவே இருந்தவர். சில மாதங்களுக்கு முன்வரை அந்த அணி கியூபெக் நகரில், மான்ட்ரியலின் பரம எதிரியாக இருந்தது. அங்கேயே இருந்திருந்தால் இப்படி ஒரு விற்பனையை ஊர் விட்டிருக்காது. 1996 கோப்பை கொலராடோவுக்கு. மான்ட்ரியல் 1993-க்குப் பிறகு 2025 வரை அதைத் தொடவில்லை.

அடுத்து வந்தவர்களை வேகமாகக் கடந்துவிடலாம். பியர் கோத்தியே, பிரெஞ்சு பேசும் ஊரில் அந்த மொழி தெரியாத ஒருவரை 2011 டிசம்பரில் தற்காலிகப் பயிற்சியாளராக்கி, ஊர் கொதித்தபின் வருத்தம் தெரிவித்தார். அடுத்த மாதமே மைக் கமலேரி என்ற ஆட்டக்காரரை பாஸ்டனில் ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்போதே நடுவில் வெளியே அழைத்து, உன்னை விற்றாயிற்று என்று அனுப்பினார். மார்க் பெர்ஜெவின் 2019-ல் கரோலினா அணி ஆட்டக்காரர் செபாஸ்டியன் ஆஹோவுக்கு ஆசை காட்டித் தூக்கப் பார்த்துத் தோற்றார். 2021-ல் கரோலினா அதே வித்தையை மான்ட்ரியலின் கொட்கானியெமிக்குத் திருப்பிக் காட்டிப் பையனைத் தூக்கியே விட்டது. ஒப்பந்தத்தில் கையெழுத்து போனஸ் என்று எழுதிய தொகை இருபது டாலர். ஆஹோவின் சட்டை எண் 20. கோடிகள் புழங்கும் இடத்திலும் தெருச்சண்டைப் புத்தி போகாது.

2022 ஜனவரியில் கென்ட் ஹியூஸ் வந்தார். இவரும் ஏஜென்டாக இருந்தவர். அந்த சீசனில் மான்ட்ரியல் லீகிலேயே கடைசி. முதல் உரிமை, 1980-க்குப் பிறகு முதல்முறையாக. டிராஃப்ட் நடந்த இடமும் மான்ட்ரியல் அரங்கமே. ரசிகர்களில் பலர் பல மாதங்களாக மனதில் வைத்திருந்த பெயர் ஷேன் ரைட். ஹியூஸ் தரப்பு அழைத்தது யுராய் ஸ்லாஃப்கோவ்ஸ்கி என்ற உயரமான ஸ்லோவாக்கியப் பையனை. ரைட் நான்காவதாக சியாட்டிலுக்குப் போனார். ஸ்லாஃப்கோவ்ஸ்கி காயத்தோடு முடிந்த முதல் சீசனில் எடுத்தது பத்தே புள்ளி. விக்கன்ஹைசர் பெயர் மறுபடி அடிபட்டது. இரண்டாம் சீசனில் 50 புள்ளி எடுத்ததும், 2024 ஜூலையில் ஆண்டுக்கு 76 லட்சம் டாலர் வீதம் எட்டு ஆண்டு ஒப்பந்தம் எழுதினார் ஹியூஸ்.

அந்த ஒப்பந்தம் 2033 வரை ஓடும். அது முடியும்போது ஹியூஸ் நாற்காலிக்குப் பதினொரு வயது ஆகியிருக்கும். செல்கியிலிருந்து எண்ணினால் அவருக்கு முன் அதில் உட்கார்ந்தவர்கள் ஒன்பது பேர். பதினொரு ஆண்டைத் தாண்டியவர்கள் மூன்று பேர்.

(தொடரும்)